ஜோடி மோடுக்கு நீ எடுத்த ஆள்

மாப்ளே,

இன்று காலையில் உன் அக்கா என் வெள்ளைச் சட்டையை பிளீச்சிங் பவுடர் கரைத்த வாளிக்குள் முக்கப் போனாள். வாளிக்கும் சட்டைக்கும் நடுவே ஒரு சாண்தான் இருந்தது. பல் தேய்த்துக்கொண்டிருந்தவன் பிரஷ்ஷை வாயில் கவ்வியபடியே பாய்ந்துபோய்ப் பிடுங்கிவிட்டேன். ஒரே தாவல். துவைக்கிற கல்லையே தாண்டிவிட்டேன் என்றால் பார். உன் அக்காவைக் கேட்டால் நான் நடந்துதான் வந்தேன் என்பாள். அவள் பேச்சை நம்பாதே.

அந்தச் சட்டையின் இடது கையில், முழங்கைக்குச் சற்று மேலே, வெள்ளி நிறத்தில் விரல் தடம் இருக்கிறது. உன் விரல்கள். பட்டாசில் போடுகிற அலுமினியத் தூள் நகக்கண்ணில் ஏறிவிட்டால் எந்தச் சோப்புக்கும் போகாது என்பாய். துணியில் ஏறினாலும் போகாது என்பதற்கு இந்தச் சட்டைதான் சாட்சி. அது எப்படி அங்கே வந்தது என்று எழுதத்தான் உட்கார்ந்தேன். ஆனால் எனக்கு எதையும் நேர் ரோட்டில் சொல்லி வராது. நாலு ஊர் சுற்றித்தான் வருவேன், பொறுத்துக்கொள்.

"கறை புடிச்ச சட்டையப் போட்டுக்கிட்டு மண்டிக்குப் போறீகளே, பாக்கறவுக என்னையல்ல காறித் துப்புவாக" என்றாள் உன் அக்கா.

"கறை இல்லம்மா. ஒன் தம்பி கை."

"என் தம்பி கைன்னா அது எனக்குல்ல சேரணும்? நீங்க என்னத்துக்குப் பீரோவுல வச்சுப் பூட்டுதீக?"

பார்த்தாயா, ஆள் போன பிறகும் எங்கள் வீட்டில் சண்டை மூட்டிவிடுகிறாய்.

ஒளிக்காமல் சொல்கிறேன். எனக்கு உன்மேல் பொறாமை. நீ இருந்தபோதும் பொறாமை, இப்போதும் பொறாமை. தீபாவளி லோடு எல்லாம் ஏற்றி அனுப்பிவிட்டு, நெஞ்சு ஒரு மாதிரி இருக்கிறது என்று உட்கார்ந்தவன் நீ, அப்புறம் எழுந்திருக்கவில்லை. உன்னைத் தூக்கிப்போன அன்று ஆமத்தூர்த் தெருவில் நின்ற கூட்டத்தைப் பார்த்தேன். உன்னோடு பட்டாசு ஆலையில் வேலை பார்த்த வெடி ஆபீஸ்காரர்கள், லாரிக்காரர்கள், உழவு வேலையைப் போட்டுவிட்டு வந்த சம்சாரிகள். தலைக்கு மேலே தலை. அழுதுகொண்டேதான் இருந்தேன். அந்த அழுகைக்கு நடுவிலும், "ஏலே, நமக்கு இதில் பாதிக் கூட்டமாவது கூடுமா?" என்று ஒரு நினைப்பு உள்ளே ஓடியது. பொறாமைக்கு இடம் பொருள் தெரியாது மாப்ளே. சாமி அறைச் சுவரில் மாட்டியிருக்கும் உன் போட்டோவுக்குத் தினமும் மல்லிகைப்பூ வைக்கிறாள் உன் அக்கா. உயிரோடு இருக்கிற நான் இரண்டாவது டீ கேட்டால் பால் இல்லை என்கிறாள்.

அந்தத் துப்பாக்கி விளையாட்டை உனக்குச் சொல்லிக்கொடுத்தது யார்? நான். இதை நீயே பத்துப் பேர் முன்னால் ஒப்புக்கொண்டிருக்கிறாய். நான் எட்டாவது வரை படித்தவன். அதில் ஏழாவதை இரண்டு தடவை படித்ததால் கணக்குப்படி ஒன்பதாவதுக்குச் சமம். விருதுநகர் மிளகாய் மண்டியில் தராசுக்குப் பக்கத்தில் நான் நிற்காவிட்டால் ஒரு மூட்டை நகராது. ஒரே தும்மலில் மிளகாய் எந்த ஊர்க் காட்டில் விளைந்தது என்று சொல்லிவிடுவேன். அப்படிப்பட்ட மூளைக்குச் செல்போன் விளையாட்டு எம்மாத்திரம்? லாரிக்காரன் ஒருவன் என் போனில் ஏற்றிக்கொடுத்தான். ஒரே வாரத்தில் தமிழ்நாட்டில் இருந்த பாதிப் பேரைச் சுட்டுத் தள்ளிவிட்டேன்.

தீபாவளி முடிந்து உங்கள் ஆபீஸ் மூடிக் கிடந்த அடைமழைக் காலம் அது. நீ எங்கள் வீட்டுக்கு வந்திருந்தாய். போனை உன் கையில் கொடுத்து, காதில் ஹெட்போனை மாட்டிவிட்டேன். நூறு பேர் ஒரு தீவில் குதிப்பார்கள், சுட்டுக்கொள்வார்கள், கடைசியில் நிற்பவன் ஜெயித்தவன், அவ்வளவுதான் என்று சொன்னேன். நீயும் தலையாட்டிக்கொண்டு ஆடினாய். எவனோ ஒருவன் உன்மேல் கையெறி குண்டை வீசினான். காதுக்குள் "உஸ்ஸ்" என்று திரி சீறுகிற சத்தம் கேட்டிருக்கும். போன் ஒரு பக்கம், ஹெட்போன் ஒரு பக்கம். நீ தெருவில் நின்றாய், கொட்டுகிற மழையில். நான் விழுந்து புரண்டு சிரித்தேன். நீ சிரிக்கவில்லை.

"கம்பெனில மொத நாள்ல இருந்து சொல்லிக் குடுக்கறது அதான் மச்சான்" என்றாய், தலையைத் துவட்டிக்கொண்டே. "சீறுற சத்தம் கேட்டா கையில இருக்கறதப் போடு. கதவப் பாத்து ஓடு. எதையும் எடுக்கத் திரும்பாத. திரும்புனவன் வெளிய வந்ததில்ல. இது கேம்னு என் மண்டைக்குத் தெரியுது, காலுக்குத் தெரியலையே."

அதன் பிறகு நீ எப்போதும் சத்தத்தை அணைத்துவிட்டுத்தான் ஆடினாய். மற்றவன் எல்லாம் காலடிச் சத்தத்தைக் கேட்டு எதிரி எங்கே வருகிறான் என்று கண்டுபிடிப்பான். நீ ஊமைப் போனை வைத்துக்கொண்டு எல்லாரையும் ஜெயித்தாய். கட்டை விரலில் இருக்கன்குடிக் கோயில் விபூதியைத் தடவிக்கொண்டு உட்காருவாய், வியர்வையில் விரல் வழுக்கக் கூடாது என்று. நானும் தடவிப் பார்த்தேன். தும்மல்தான் வந்தது. சொல்லிக்கொடுத்தவனை விட்டுவிட்டுக் கற்றுக்கொண்டவனிடமா வித்தை ஓடிப்போகும்? எனக்கு வயிறு எரிந்தது மாப்ளே. அப்போது பற்றியது இன்னும் அணையவில்லை.

எல்லாரும் துப்பாக்கியைப் பற்றிப் பேசுவார்கள். நீ மோடு என்கிற ஆட்ட முறையைப் பற்றித்தான் பேசுவாய். ஒத்தை மோடில் துணைக்கு ஆள் கிடையாது. ஜோடி மோடில் இரண்டு பேர். ஒருவன் அடிபட்டு விழுந்தால் மற்றவன் பக்கத்தில் குத்தவைத்துத் தூக்கிவிடலாம். அப்புறம் நாலாள் மோடு. வெறும் சண்டை மோடு என்று ஒன்று உண்டு. அதில் செத்தால் உடனே எழுந்து மறுபடியும் சுடலாம். எனக்கு அந்தக் கடைசி மோடுதான் உயிர். எழுபது தடவை செத்தாலும் எழுந்து நிற்பேன். உனக்கோ அது ஆகவே ஆகாது.

"செத்தவன் எந்திரிச்சு வார ஆட்டத்துல எவனும் பாத்து நடக்க மாட்டான் மச்சான்" என்பாய். "மோடு எடுக்கறதுக்கு முன்னாடி ஆளப் பாக்கணும். மனசு சரியில்லாதவன் ஒத்தையில போகக் கூடாது. கோவத்துல இருக்கறவன் ஜோடியில போகக் கூடாது. நாலு பேரு சிரிச்ச மூஞ்சியா இருந்தா, நாலாளு மோடு."

நீ வெடி ஆபீஸில் போர்மேன் அல்லவா! எந்த ரூமில் எந்த ஆளை உட்கார வைப்பது என்று காலையில் முகத்தைப் பார்த்து முடிவு செய்கிறவன். வீட்டில் சண்டை போட்டு வந்தவனுக்கு வெடிமருந்துப் பக்கம் வேலை கொடுக்க மாட்டாய், காகிதம் ஒட்ட அனுப்பிவிடுவாய். ரூமுக்கு நாலு பேருக்கு மேல் உட்காரக் கூடாது என்பது உங்கள் சட்டம். அதனால்தானோ என்னவோ, நாம் நாலாளாக ஆடுகிறபோது ஐந்தாவதாக ஒருவன் எட்டிப் பார்த்தால்கூட, "ரூம் நெறஞ்சு போச்சு, வெளிய நில்லு" என்பாய்.

அந்த நாலு பேர் யார் யார்? நீ, நான், டீக்கடை பால்பாண்டி, அப்புறம் உன் அக்கா. உன் அக்காவை எதற்குச் சேர்த்தாய் என்று அன்றே கேட்டேன். "கல்யாணத்துக்கு முந்தி எங்க ஆபீஸ்ல சரவெடி பின்னுன கை மச்சான், பாருங்க வெரல" என்றாய். பார்த்தேன். எனக்குத் தோசை சுடுகையில் அசையாத விரல்கள், துப்பாக்கியில் என்ன ஆட்டம் போட்டன!

ஒரு ஞாயிற்றுக்கிழமை நடந்தது உனக்கு நினைவிருக்கும். பாலத்துக்கு இந்தப் பக்கம் நான் அடிபட்டு விழுந்து கிடக்கிறேன். அந்தப் பக்கம் உன் அக்காவும் விழுந்து கிடக்கிறாள். நான் மச்சான். முறைப்படி முதல் மரியாதை எனக்கு. நீ யோசிக்கவே இல்லை. பாலத்தைத் தாண்டி உன் அக்காவிடம் ஓடினாய். நான் இங்கே தரையில் தவழ்ந்துகொண்டே, "ஏலே! ஏலே மாப்ளே!" என்று கத்தினேன். ஒரு கட்டிலில் நீயும் நானும் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டுதான், ஆனாலும் கத்தினேன்.

"அவளுக்கு உசுரு கொஞ்சந்தான் இருந்துச்சு மச்சான். ஒங்களுக்கு நெறைய இருந்துச்சு."

"இருக்கும், இருக்கும். ஒங்க வீட்டாளுக்கு மட்டும் கொஞ்சம் உசுரு."

உன் அக்கா சிரித்த சிரிப்பு இருக்கிறதே, அது வலித்த அளவுக்கு எதிரி சுட்டதுகூட வலிக்கவில்லை.

அடுத்த பங்குனிப் பொங்கல் கோயில் திருவிழாவுக்கு ஆமத்தூரில் இந்த விளையாட்டில் போட்டி வைப்பதென்று இளைஞர் கமிட்டி முடிவு செய்தது. பரிசு, ஓர் ஆள் உள்ளே உட்காரலாம் போன்ற எவர்சில்வர் அண்டா. (உட்கார்ந்து பார்த்தேன், உட்காரலாம்.) எந்த மோடு வைப்பது என்று கேட்டுக் கமிட்டி ஆட்கள் உன்னைத் தேடி வந்தார்கள். என்னிடம் கேட்டிருக்கலாம். பக்கத்திலேயேதான் உட்கார்ந்திருந்தேன், தொண்டையைக் கனைத்தும் காட்டினேன்.

"ஒத்தை மோடு வச்சா அவனவன் புல்லுக்குள்ள படுத்துக்கிருவான், பாக்கற சனம் தூங்கிரும்" என்றாய் நீ. "நாலாளு மோடுன்னா ஒருத்தன் ஆடுவான், மூணு பேரு பின்னாடியே நடந்து பரிச வாங்கிருவாக. ஜோடி வைங்கப்பா. ரெண்டு பேருன்னா ரெண்டு பேரும் ஆடியே ஆகணும்."

எனக்குத் தலைகால் புரியவில்லை. ஜோடி என்றால் நீயும் நானும்தானே! மறுநாளே மண்டி முழுக்கச் சொல்லிவிட்டேன். அண்டா எங்கள் வீட்டுக்கு வரப்போகிறது, ஆடி மாதம் அதில்தான் கூழ் காய்ச்சப் போகிறோம், எல்லாரும் தூக்குவாளியோடு வந்துவிடுங்கள் என்று அழைப்பும் வைத்துவிட்டேன். விபூதி தடவியும் பழகினேன். அந்தப் போட்டியில் உன் பக்கத்து நாற்காலியில் உட்கார வேண்டும், அதைத்தவிர அந்த வருஷம் எனக்கு வேறு ஆசையே இருக்கவில்லை.

பெயர் கொடுக்கிற அன்று நீ வீட்டுக்குள் எட்டிப் பார்த்து, "யக்கா, நீ வா" என்றாய்.

உள்ளே கடித்த பச்சை மிளகாய் வெளியே தெரியாமல் இருக்க நான் பட்ட பாடு! "ஏன்லே, நான் எங்கன போக?" என்றேன், சிரிப்பது போல.

"நீங்க எங்கன நின்னாலும் நின்னுக்கிருவீக மச்சான். அக்காவுக்கு நான்தான் ஆளு."

சர்க்கரைப் பேச்சு. உன் அக்காவுக்கு அந்தச் சர்க்கரை எல்லாம் கிடையாது. "நீங்க விழுந்தா கூட இருக்கறவனத் திட்டுவீக. கூட இருக்கறவன் விழுந்தா அப்பவும் அவனத்தான் திட்டுவீக. யாரு கூட்டிக்கிடுவா ஒங்கள?" என்றாள். பால்பாண்டியோடு சேர்ந்து உங்களுக்கு எதிராகவே நின்றேன். ஏன் மாப்ளையோடு நிற்கவில்லை என்று மண்டியில் கேட்டார்கள். இரண்டு பேரும் ஒரே ஜோடியாக நின்றால் மற்ற ஊர்க்காரன் போட்டிக்கே வர மாட்டானாம், அதனால் கமிட்டி கெஞ்சிப் பிரித்து வைத்தது என்று சொல்லிவிட்டேன். நம்பினார்கள். ஆனால் பந்தலில் உன் அக்கா உன் பக்கத்து நாற்காலியில் போய் உட்கார்ந்தபோது, கட்டிய பெண்டாட்டி மேல் பொறாமைப்பட்ட முதல் ஆள் நான்தான் என்று நினைத்துக்கொண்டேன்.

நீ அன்று மதியம்வரை ஆபீஸில் நின்றுவிட்டு நேராக வந்திருந்தாய். ஏதோ அவசர ஆர்டர். கை கழுவினாயா என்று கேட்டேன். "கழுவுனேன் மச்சான்" என்று விரித்துக் காட்டினாய். விரல் எல்லாம் மீன் செதில் மாதிரி மினுங்கியது.

ஆட்டம் தொடங்கியது. நீங்கள் எல்லாரும் சத்தத்தை அணைத்துவிட்டுத்தான் ஆடினீர்கள். உன்னைப் பார்த்து ஊரே அப்படிப் பழகியிருந்தது. ஒவ்வொரு ஜோடியாகக் கழன்றது. கடைசியில் மூன்று ஜோடிதான் மிச்சம். நீயும் உன் அக்காவும், நானும் பால்பாண்டியும், ஆனைக்குட்டத்தில் இருந்து வந்த சம்சாரி வீட்டு அண்ணன் தம்பி இருவர். அப்போதுதான் கமிட்டிக்காரன் ஒருவனுக்கு மூளை வேலை செய்தது. சனங்களுக்கும் சத்தம் கேட்கட்டும் என்று, ஆட்டத்தைக் காட்டிக்கொண்டிருந்த தன் போனில் இருந்து வயரை இழுத்துத் திருவிழா ஒலிபெருக்கிக் குழாயில் செருகிவிட்டான்.

அதே நேரத்தில் பால்பாண்டி, நீ ஒளிந்திருந்த வீட்டுக்குள் குண்டை வீசினான்.

நாலு குழாயிலும் "உஸ்ஸ்ஸ்" என்று சீறியது பார்.

நான் அந்தப் பக்கம் திரும்பவே இல்லை. எனக்குச் சத்தம் என்றால் சத்தம், அவ்வளவுதான். மண்டிக்காரனுக்கு அது என்ன சொல்லும்? நாற்காலிகள் கவிழ்கிற சத்தம் கேட்டது, காலடிச் சத்தம் கேட்டது, கூட்டம் குதூகலத்தில் ஆடுகிறது என்று நினைத்தேன். என் போனில் உன் ஆள் அசையாமல் நின்றுகொண்டிருந்தான். குண்டு வெடிக்கும் முன்னால் நானே உன்னைச் சுட்டு வீழ்த்திவிட வேண்டும். இத்தனை நாள் எரிச்சலையும் கட்டை விரலுக்குக் கொண்டுவந்தேன். உன் நெற்றிக்கு நேராகக் குறி. அழுத்தப் போனேன்.

யாரோ என் இடது கையைக் கொத்தாகப் பிடித்து இழுத்தார்கள். நாற்காலியோடு சேர்ந்து கிளம்பினேன். என் போன் பறந்தது. பந்தல், கொடிமரம், பொரிகடலைக் கடை எல்லாம் பின்னால் ஓடியது. ரோட்டைத் தாண்டி வேப்பமரத்தடியில்தான் நின்றோம். அங்கே வெடி ஆபீஸில் வேலை பார்க்கிற ஊரே நின்று மூச்சு வாங்கிக்கொண்டிருந்தது. தண்ணீர்ப் பந்தலுக்குப் பக்கத்தில் உன் அக்கா, முந்தானை ஒரு பக்கம், கொண்டை ஒரு பக்கம். எல்லாருக்கும் முன்னால் ஓடியவள் அவள்தானாம்.

"ஏலே, ஒன்னய சுடப் போனேன்லே, கெடுத்துப்புட்டியே!" என்றேன்.

அப்போதுதான் உனக்கு அது விளையாட்டு என்று உறைத்தது. பந்தலைப் பார்த்தாய், என்னைப் பார்த்தாய். சிரிக்க ஆரம்பித்தாய். வேப்பமரத்தடியே சிரித்தது. ஆனால் என் கையை நீ விடவில்லை. நானும் உதறவில்லை.

பால்பாண்டிதான் சொன்னான், அவனும் ஓடுகிற ஓட்டத்தில் பார்த்தானாம். "ஒங்க மாப்ள ரோட்டுக்கே வந்துட்டாரு அண்ணாச்சி. வந்தவரு ஒங்களக் காணும்னு திரும்பி உள்ள ஓடுனாரு."

அண்டா? அது ஆனைக்குட்டத்துக்குப் போனது. வெடி ஆபீஸ் வாசலை மிதிக்காத அண்ணன் தம்பி இரண்டு பேரும் உட்கார்ந்த நாற்காலியைவிட்டு எழுந்திருக்கவே இல்லை. ஊரே போனைப் போட்டுவிட்டு ஓட, நின்ற இடத்தில் நின்ற நம் ஆட்களை ஒவ்வொன்றாகச் சுட்டுவிட்டு அண்டாவைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு பஸ் ஏறிவிட்டார்கள். மண்டியில் நான் வேறு மாதிரி சொல்லியிருக்கிறேன். நீ யாரிடமும் மறுத்துச் சொன்னதில்லை. அதற்கும் சேர்த்து உனக்கு நான் கடன்பட்டவன்.

வீட்டுக்கு வந்து சட்டையைக் கழற்றியபோதுதான் அந்தத் தடத்தைப் பார்த்தேன். அன்றிலிருந்து அது துவைக்கிற கல்லைப் பார்த்ததில்லை. அலசல்தான், அதுவும் என் கையால்தான்.

இன்று காலையில் சட்டையைப் பிடுங்கி வைத்துக்கொண்டு நான் நின்றபோது உன் அக்கா வாளியை ஓரமாகத் தள்ளி வைத்தாள். அப்புறம் சொன்னாள்.

"பக்கத்து நாற்காலில நான் உக்காந்திருந்தேன். கூடப் பொறந்தவ. எங்க இருக்கேன்னு என்னையத் தேடுனானா? ஒங்களத் தேடித்தான திரும்புனான்?"

நீ முன்னாலேயே ஓடிவிட்டாயே அம்மா, அவன் கண் எதிரே ரோட்டில் நின்றாயே, பிறகு எதற்குத் தேட வேண்டும் என்று நான் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. இத்தனை வருஷத்தில் முதல் தடவையாக உன் விஷயத்தில் அவள் என்மேல் பொறாமைப்பட்டாள். அதை நான் ஏன் கெடுப்பேன்? ருசித்தேன் மாப்ளே. கண்ணில் ஏதோ பட்டது, மிளகாய் நெடி என்று சொல்லிக்கொண்டேன். ஞாயிற்றுக்கிழமை, மண்டி லீவு என்பது அவளுக்கும் தெரியும்.

சாப்பிட்ட பிறகு இரண்டு பேரும் போனை எடுத்தோம். சண்டை மோடில் விரலை வைத்தேன், செத்தவன் எழுந்து வருகிற மோடு. நீ என்ன சொல்வாய் என்று தெரியும். விரலை எடுத்துவிட்டேன். உன் அக்கா என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, "ஜோடி எடுங்க" என்றாள். எடுத்தேன். சத்தத்தை அணைத்தேன். அவளுக்கு விபூதி கொடுத்தேன். நாலாவது நிமிஷம் நான் விழுந்தேன். அவளைத் திட்டவில்லை, கேட்டுக்கொள். ஓடி வந்து தூக்கிவிட்டாள்.

நாளைக்கு இந்தச் சட்டையைப் போட்டுக்கொண்டுதான் மண்டிக்குப் போவேன். யாராவது கறை என்று கையை நீட்டினால், நிறுத்தி வைத்து முழுக் கதையும் சொல்வேன். அண்டாவை நான் ஜெயித்த மாதிரிதான் சொல்வேன், அதில் மாற்றமில்லை. ஆனால் கடைசிப் பகுதிக்கு வரும்போது ஒரு சொல் கூட்ட மாட்டேன். திரும்பாதே என்று முதல் நாளிலிருந்து சொல்லிக்கொடுக்கப்பட்டவன் நீ. திரும்பக் கூடாது என்று ஊருக்கே சொல்லிக்கொடுத்தவனும் நீ. கமிட்டிக்காரன் மைக்கில் உன் பெயரோடு எந்தப் பெயரைச் சேர்த்து வாசித்தால் என்ன மாப்ளே? திரி சீறியபோது நீ எடுத்த ஜோடி நான்தான்.